ஜி மேஜர்: பீச் முதல் தாம்பரம் வரை

ஜனவரி 8, புதன்

பொய் சொல்லிவிட்டேன். முழுப்பொய் என்று சொல்ல முடியாது, முக்கால் பொய்.

நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தபோது ஃபோன் அடித்தது. புறங்கையால் ஸ்பீக்கரை அமுக்கினால் அனந்தபத்மன் சார். சிம்பனி நண்பர்கள் சங்கத்தின் செயலாளர். பாதி நாள் கர்நாடகக் கச்சேரி கேட்பார், மீதி நாள் நம் பக்கம் வருவார். என் மாணவர்களின் தேர்வு விஷயமாகத்தான் வழக்கமாகக் கூப்பிடுவார்.

"பெர்சிஸ், பெருமாள்தான் காப்பாத்தணும். ஸ்வீடன்லேர்ந்து ஆர்கெஸ்ட்ரா வரதோல்லியோ, அந்தப் பியானோக்காரனுக்கு டெல்லியில அம்மை போட்டுடுத்து!"

"ஸ்வீடன்காரருக்கா சார்?"

"ஏன், அம்மை பாஸ்போர்ட் பாத்துண்டா வரும்? ஒடம்பு பூரா முத்து முத்தா இருக்காம். பத்தொம்போதாம் தேதி இங்க கச்சேரி, இருபத்தொண்ணு பெங்களூர்ல. டிக்கெட் எல்லாம் போயாச்சு. பீத்தோவன் நாலாவது கன்செர்ட்டோ, ஜி மேஜர். உங்க கையில இருக்கா?"

என் கையில் நெத்திலி இருந்தது. "இருக்கு சார்" என்றேன்.

இருபத்துநாலு வயதில், மான்செஸ்டரில் படித்தபோது ஒரே ஒரு மாலை வாசித்திருக்கிறேன். ஆர்கெஸ்ட்ராகூட இல்லை, என் ஆசிரியர் இன்னொரு பியானோவில் அந்தப் பங்கை வாசித்தார். பதினைந்து வருஷம் ஆகிறது. அப்புறம் அயனாவரம், கல்யாணம், பியானோ வகுப்பு, ஞாயிறு ஆராதனைக்குப் பாட்டு. கன்செர்ட்டோ புத்தகம் பீரோ மேலே கிறிஸ்துமஸ் ஸ்டார் பெட்டிக்கு அடியில் கிடக்கிறது.

தனபால் இரண்டரைக்கு ட்யூட்டி முடிந்து வந்தார். என் கணவர், மின்சார ரயில் மோட்டார்மேன், பீச்–தாம்பரம் லைன். சொன்னதும் ஷூவைக் கழற்றாமலேயே என்னைத் தூக்கிச் சுற்றினார். மேலெல்லாம் மீன் வாடை அடித்ததைக்கூடக் கவனிக்கவில்லை. பக்கத்து குவார்ட்டர்ஸ் சுசீலாக்காவிடம் ஓடிப் போய், "எங்க பெர்ஸி ஆர்கெஸ்ட்ராவோட வாசிக்கப் போறா! கண்டக்டரும் ஒரு லேடி!" என்று கத்தினார்.

"கண்டக்டர் லேடியா? எந்த டிப்போ?" என்று அக்கா கேட்டது இங்கே வரைக்கும் கேட்டது.

பதினோரு நாள் இருக்கிறது. கடவுளே, எனக்குப் பயமாக இருக்க வேண்டும். சிரிப்புத்தான் வருகிறது.

ஜனவரி 9, வியாழன்

புத்தகம் கிடைத்தது. அட்டை போயிருக்கிறது, உள்ளே என் பழைய பென்சில் குறிப்புகள் அப்படியே இருக்கின்றன. ஒரு இடத்தில் "அவசரப்படாதே கழுதை" என்று எழுதியிருக்கிறேன். இருபத்துநாலு வயதுக் கழுதைக்கு நல்ல கையெழுத்து.

இந்தக் கன்செர்ட்டோவின் வம்பு என்ன தெரியுமா? மற்றதிலெல்லாம் ஆர்கெஸ்ட்ரா முதலில் முழங்கும், பியானோக்காரி உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொள்ளலாம். இதில் பியானோ தனியாக ஆரம்பிக்க வேண்டும். அதுவும் மெல்ல, பக்கத்து அறையில் தூங்குகிறவர் எழுந்துவிடாத மாதிரி. ஐந்தே பார் (நம்மூர்க் கணக்கில் ஐந்து தாளச் சுற்று), அப்புறம்தான் அவர்கள் பதில் சொல்வார்கள். அந்த ஐந்து பாரை மட்டும் இன்று இரண்டு மணி நேரம் வாசித்தேன்.

மாலையில் மூன்று மாணவர்கள் வந்தார்கள், திருப்பி அனுப்பினேன். ஒருத்தியின் அம்மா படியிலேயே நின்று, "ஃபாரின்ல இவ்ளோ படிச்சிட்டு ஏங்க மேடம் திரும்பி வந்துட்டீங்க?" என்று கேட்டார். அம்மாவுக்கு அப்போது உடம்பு சரியில்லை, சர்க்கரை நானூறு, அதனால் வந்தேன். ஊருக்கே தெரிந்த விஷயம், எத்தனை முறைதான் சொல்வது!

ஜனவரி 10, வெள்ளி

ஏழு மணி நேரம். வீட்டில் சமையல் இல்லை, பரோட்டா. முதுகு தனிக் கட்சி ஆரம்பித்துவிட்டது. விரல்கள் மட்டும் சின்னப் பெண்கள் மாதிரி குதிக்கின்றன.

ஜனவரி 11, சனி

ஆர்கெஸ்ட்ராவை நடத்தும் கண்டக்டர் இங்க்ரிட் மின்னஞ்சல் அனுப்பியிருந்தார். புத்தகம் வைத்துக்கொண்டு வாசித்தாலும் சரி, இல்லாமல் வாசித்தாலும் சரி, உங்கள் விருப்பம் என்கிறார். நல்ல மனுஷி. புத்தகம்தான் என்று உடனே பதில் போட்டேன். ஸ்வரம் பார்த்து வாசித்தால் ஒரு நிதானம் வரும், கண்ணுக்கும் பழக்கம். வேறு காரணம் ஒன்றுமில்லை.

ஆனால் பக்கம் திருப்ப ஆள் வேண்டுமே. தனபாலுக்கு இன்று ஓய்வு நாள். நோட்ஸ் படிக்கத் தெரியாது, நான் தலையாட்டினால் திருப்ப வேண்டும், அவ்வளவுதான். ரயிலே ஓட்டுகிறவருக்கு இது பெரிய வேலையா என்று உட்கார வைத்தேன்.

முதல் பக்கம் ஜோர். இரண்டாவதில் தாளத்துக்கு என் தலை தானாக ஆட, மனுஷர் படபடவென்று திருப்பிவிட்டார். மூன்றாவதில் இரண்டு பக்கத்தைச் சேர்த்துப் புரட்டினார். நாலாவதில் முழங்கை பட்டுப் புத்தகமே என் கை மேல் விழுந்தது.

"நீ தலைய ஆட்டிக்கிட்டே இருந்தா எதுன்னு நான் எடுத்துக்கறது?"

"மூச்சு விடுறதுக்கும் பக்கம் திருப்புறதுக்கும் வித்தியாசம் தெரியாதா?"

"சிக்னல்னா ஒண்ணு சிவப்பா இருக்கணும், இல்ல பச்சையா இருக்கணும். உன் தலை எல்லாக் கலர்லயும் எரியுது."

சிரித்துச் சிரித்து வயிறு வலித்துவிட்டது. ஆனால் ஒன்று கவனித்தேன். நோட்ஸில் கண் இருக்கிறவரை பெரிய தாவல்களில் கை தவறுகிறது. கட்டைகளைப் பார்க்க வேண்டிய கண் காகிதத்தில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. புத்தகத்துக்கு முன்னால் நான் ஞாயிற்றுக்கிழமை பெர்சிஸ் ஆகிவிடுகிறேன். அவளை யாரும் கேட்பதில்லை, எல்லோரும் பாட்டு நம்பரைத் தேடிக்கொண்டிருப்பார்கள்.

ஜனவரி 12, ஞாயிறு

ஆராதனையில் காணிக்கை எடுக்கும்போது சும்மா ஒரு சோதனை. சின்ன வயதிலிருந்து வாசிக்கிற பாட்டு, தூக்கத்தில்கூட வாசிப்பேன். புத்தகத்தை மூடிவிட்டு ஆரம்பித்தேன். மூன்றாவது சரணத்தில் அடுத்த ஸ்வரம் நழுவப் பார்த்தது. புத்தகத்தைத் திறந்துவிட்டேன். அந்த மூலையில் வெளிச்சமும் சரியில்லை.

மத்தியானம் தனபால் பிரியாணிக்கு வெங்காயம் நறுக்கிக்கொண்டே கேட்டார். "புஸ்தகம் இல்லாமயே வாசிச்சா என்ன? நான் என்ன மேப்பை வெச்சுக்கிட்டா வண்டி ஓட்டறேன்?"

"ரெண்டும் ஒண்ணா?"

"ஏன் இல்ல? புது செக்‌ஷன்ல வண்டி குடுக்கறதுக்கு முன்னாடி ரோடு லேர்னிங்னு அனுப்புவாங்க. பழைய டிரைவர் கூட நின்னுக்கிட்டுப் போவணும், வரணும். எங்க ஏத்தம், எங்க இறக்கம், எந்த சிக்னல் வளைவுல ஒளிஞ்சிருக்கு, எல்லாம். கடைசில 'எனக்கு ரோடு தெரியும்'னு கையெழுத்துப் போட்டாத்தான் வண்டியக் குடுப்பான். மழையில கண்ணாடி தெரியாட்டாலும் நான் எங்க இருக்கேன்னு எனக்குத் தெரியும்."

"நீங்க எங்க இருக்கீங்கன்னு எப்படித் தெரியும்?"

"ஸ்டேஷன் ஸ்டேஷனா பிரிச்சு வெச்சிருக்கேன்ல? பீச்லேருந்து தாம்பரம்னு ஒரே மூச்சாவா ஞாபகம் வெச்சுக்குவாங்க?"

கரண்டியை வைத்துவிட்டு அவரையே பார்த்தேன். நான் இதுவரை எல்லாவற்றையும் ஒரே மூச்சாகத்தான் வைத்திருந்தேன். முதல் ஸ்வரத்தைத் தொட்டால் கடைசி வரை விரல் தானாக ஓடும். நடுவில் நின்றுவிட்டால் ஏறுவதற்கு ஸ்டேஷனே கிடையாது.

ஜனவரி 13, திங்கள்

போகி. காலை ஐந்து மணிக்கே குவார்ட்டர்ஸ் முழுக்கப் புகை, வாண்டுகளின் மேளம். டம் டம் டம் டம். பீத்தோவனும் இந்த முதல் பகுதியில் முக்கால்வாசி அதைத்தான் செய்கிறார், ஒரே ஸ்வரத்தைத் தட்டிக்கொண்டே இருக்கிறார். ஜன்னலை மூடாமல் அவர்களோடு சேர்ந்து வாசித்தேன்.

பிறகு பென்சிலை எடுத்துக்கொண்டு இருவரும் உட்கார்ந்தோம். மூன்று பகுதியில் நீளமான முதல் பகுதிக்குப் பதினெட்டு ஸ்டேஷன். நான் வாசிக்க வாசிக்க அவர் பெயர் வைத்தார். தனியாக ஆரம்பிக்கும் ஐந்து பார், பீச். ஆர்கெஸ்ட்ரா பதில் சொல்லுமிடம், கோட்டை. பாட்டு மாதிரி இறங்கி வரும் இடத்துக்கு நுங்கம்பாக்கம். ("இங்க ஒரு மரம் இருக்கு, எனக்குப் புடிக்கும்" என்றார்.) ஆரம்ப ஸ்வரங்கள் மறுபடி வருமே, முதலில் கெஞ்சினது இப்போது அதட்டலாக, அது பரங்கிமலை. அங்கிருந்து பழைய காட்சிகளே திரும்பி வருகின்றன, ஆனால் வேறு வழியாகப் போய் முடிகின்றன.

"அப்போ நுங்கம்பாக்கம் மறுபடி வருமா?"

"வரும். அதே முகம், வேற ஊரு."

"அப்போ அது பல்லாவரம்" என்று எழுதினார்.

சானடோரியத்துக்கும் தாம்பரத்துக்கும் நடுவே கடென்சா. அங்கே ஆர்கெஸ்ட்ரா முழுசாக நின்றுவிடும், பியானோ மட்டும் மூன்று நிமிஷம் தனியாகப் போகும். பீத்தோவனே எழுதி வைத்த கடென்சா ஒன்று இருக்கிறது, அதைத்தான் வாசிக்கப் போகிறேன். அதற்கு என்ன பெயர் வைக்கலாம் என்றார். வேண்டாம், அங்கே யார் மேலும் மோத மாட்டேன், ஸ்டேஷன் தேவையில்லை என்றேன்.

ஜனவரி 14, செவ்வாய்

பொங்கல். சுசீலாக்கா சர்க்கரைப் பொங்கல் கொண்டுவந்தார். நெய் மணக்கிற விரலோடு பியானோவைத் தொடாதே என்று எனக்கு நானே சட்டம் போட்டு, ஐந்து நிமிஷத்தில் மீறினேன்.

இன்று நடந்ததை எழுதியே ஆக வேண்டும். தனபால் சமையலறையில் இருந்து, "கிண்டி!" என்று கத்துவார். நான் கிண்டியில் இருந்து வாசிப்பேன். பத்து பார் போவதற்குள், "எழும்பூர்!" உடனே எழும்பூர். குளிக்கப் போனவர் உள்ளே இருந்து, "மீனம்பாக்கம்!" என்றார். புத்தகம் பீரோவுக்கு மேலே. ஒரு முறைகூட இறக்கவில்லை! சுசீலாக்கா சுவருக்கு அந்தப் பக்கம் இருந்து, "சைதாப்பேட்டை போடு பெர்சிஸ், அங்கதான் எங்க தங்கச்சி வீடு" என்றார். போட்டேன்.

மழலைப் பள்ளியில் பரிசு வாங்கினதுபோல வீடு முழுக்க ஓடினேன். முப்பத்தொன்பது வயசு எனக்கு. இங்க்ரிட்டுக்கு மின்னஞ்சல் போட்டுவிட்டேன். புத்தகம் இல்லாமல் வாசிக்கிறேன்.

ஜனவரி 15, புதன்

காலையில் நிறுத்தாமல் முழுசாக வாசித்தேன். பல்லாவரம் வந்தது. தேனாகப் போய்க்கொண்டிருந்தது. திடீரென்று பார்த்தால் தனபால் கையைத் தூக்குகிறார்.

"பெர்ஸி, பல்லாவரத்துல ஏறி கோடம்பாக்கத்துல இறங்கிட்டியே!"

க்ரோம்பேட்டைக்குப் போக வேண்டிய விரல், நுங்கம்பாக்கத்துக்கு அடுத்த கோடம்பாக்கத்துக்கே போயிருந்தது. அவருக்கு அது பெரிய நகைச்சுவை. நான் மூடியைப் படாரென்று சாத்தினேன். சாத்தின வேகத்தில் அதன் மேலிருந்த டம்ளர் உருண்டு தண்ணீர் கொட்டியது. அவர் துணி எடுத்து வந்து துடைத்தார். அந்தத் துடைப்புதான் என்னைப் பேச வைத்தது.

சொல்லிவிட்டேன். பதினாலு வருஷமாகச் சொல்லாததை. அம்மாவுக்குச் சர்க்கரை இருந்தது உண்மை, ஆனால் அது நான் பத்து வயதுப் பிள்ளையாக இருந்தபோதே அவருக்கு வந்தது. நான் வந்தது அதனால் அல்ல.

மான்செஸ்டரில் ஒரு போட்டி, இறுதிச் சுற்று. ஷூபர்ட் என்பவர் எழுதிய தனிப் பியானோ சொனாட்டா. இதே மாதிரிதான், பழைய காட்சி திரும்பி வந்து வேறு பக்கம் திரும்ப வேண்டிய இடம். என் விரல் முதல் தடவை போன பக்கமே போய்விட்டது. போனால் மறுபடி நடுப்பகுதிக்குத்தான் கொண்டுபோய் விடும். விட்டது. சுற்றி வந்தேன், மறுபடி அதே இடம், மறுபடி அதே தவறு. மூன்றாவது சுற்றில் எழுந்து நின்று, கும்பிட்டுவிட்டு, வெளியே நடந்தேன். சிலர் கைதட்டினார்கள், அதுதான் முடிவு என்று நினைத்து. அந்தக் கைதட்டல் இருக்கிறதே, அதைக் கேட்டவள் திரும்ப மேடைக்குப் போவாளா? அடுத்த வாரம் விமானம் ஏறிவிட்டேன்.

"அம்மாவுக்காக லண்டனையே விட்டுட்டு வந்தவன்னு நான் டிப்போ பூரா சொல்லி வெச்சிருக்கேனே பெர்ஸி" என்றார் தனபால்.

"அது மான்செஸ்டர்."

"எதுவோ ஒண்ணு." துணியைப் பிழிந்தார். அவர் முகம் சின்னதாகிவிட்டது. பொய்யோடு குடும்பம் நடத்தியிருக்கிறேன், கோபம் வந்தால் வரட்டும் என்று உட்கார்ந்திருந்தேன்.

பிறகு கேட்டார், "மூணு தடவையும் அதே இடத்துலயா?"

"அதே இடம்."

"அப்போ அது உன் தப்பு இல்ல. அது ஃபேசிங் பாயிண்ட். வண்டி ரெண்டு பக்கமும் போகக்கூடிய இடம். அங்க தண்டவாளத்தப் பாத்தா ரெண்டும் ஒண்ணாத்தான் தெரியும். அதுக்கு முன்னாடி நிக்கிற சிக்னலத்தான் பாக்கணும். சத்தமா சொல்லணும். எங்க சிக்னல்?"

பீத்தோவன் புத்தகத்தில், பல்லாவரத்தில் இருவரும் தேடினோம். திரும்புவதற்கு இரண்டு பார் முன்னால் இடது கையில் ஒரு ஸ்வரம் மட்டும் மாறுகிறது. ஒரே ஒரு கறுப்புக் கட்டை. பதினைந்து வருஷமாக அங்கேயே நின்றிருக்கிறது, நான்தான் பார்க்கவில்லை. இருபது முறை வாசித்தேன், ஒவ்வொரு முறையும், "பல்லாவரம், க்ரோம்பேட்டை லைன்!" என்று கத்திக்கொண்டே. இருபதும் சரி.

ஜனவரி 16, வியாழன்

தனபால் டிப்போவில் கதையைத் திருத்திச் சொல்லிவிட்டாராம். "ஷூபர்ட் பாயிண்ட்ல தப்பான லைன்ல போயிடுச்சுப்பா, அவ மேல தப்பில்ல." எல்லோரும் ஆமாம் ஆமாம் என்றார்களாம்.

ஜனவரி 17, வெள்ளி

ஒத்திகை! ஐயோ, எங்கிருந்து ஆரம்பிப்பது!

ஹாலில் ஒன்பதடிப் பியானோ. கறுப்பு யானை. முதல் கட்டையைத் தொட்டதும் அது வாசிக்காமலே பேசியது. என் வீட்டுப் பியானோவில் மழை வந்தால் ஒரு கட்டை ஒட்டிக்கொள்ளும், அதை நகத்தால் கிளப்பி விடுகிற பழக்கம் இங்கேயும் வந்து, அநாவசியமாக ஒரு முறை கிளப்பினேன். முதல் வயலின்காரி சிரித்தாள்.

இங்க்ரிட் ஐம்பது வயது, குட்டை முடி, பெரிய கை. நான் ஐந்து பார் வாசித்து நிறுத்தினேன். அவர்கள் பதில் சொன்னார்கள். அந்தப் பதில்! வேறு ஏதோ தேசத்தில் இருந்து, அவ்வளவு மெதுவாக. பதினைந்து வருஷமாக நான் கேட்ட கேள்விக்கு இப்போதுதான் யாரோ திரும்பிப் பார்த்த மாதிரி இருந்தது. கண் நிறைந்துவிட்டது. நல்லவேளை, அடுத்த இரண்டு நிமிஷத்துக்கும் மேல் எனக்கு வேலை இல்லை.

பல்லாவரம் வந்தது, க்ரோம்பேட்டைக்குத் திரும்பினேன். ஒரு வம்பும் இல்லை.

"கடென்சா பீத்தோவனுடையதுதானே?" என்று இங்க்ரிட் இங்கிலீஷில் கேட்டார். ஆமாம் என்றேன். "முடிவில் உங்கள் ட்ரில் கேட்டதும் நான் கையைத் தூக்குவேன். அதுவரை நானும் ரசிகைதான்." இரண்டு ஸ்வரத்தை மாற்றி மாற்றிக் கிணுகிணுவென்று அடிப்பதுதான் ட்ரில். நான் முடித்துவிட்டேன், நீங்கள் வாருங்கள் என்று அதற்கு அர்த்தம்.

அனந்தபத்மன் சார் முன் வரிசையில் தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தார். இடைவேளையில் வந்து, "ஜி மேஜர்னா அஞ்சு கட்டை சுருதி. பொம்மனாட்டிக்கு ரொம்பப் பொருத்தம்" என்றார். இங்க்ரிட்டுக்கு மொழிபெயர்க்கச் சொன்னார். நான் மொழிபெயர்க்கவில்லை.

ஜனவரி 18, சனி

கறுப்புப் பட்டில் தைத்த கவுன் வந்தது. தோள் பிடிக்கிறது. சுசீலாக்கா உட்கார்ந்து பிரித்துத் தைத்தார். சாயங்காலம் இரண்டாவது ஒத்திகை, எல்லாம் நன்றாகவே நடந்தது. ரொம்ப நன்றாக நடந்ததுதான் உறுத்துகிறது. இல்லை, உறுத்தவில்லை. தூங்கப் போகிறேன்.

ஜனவரி 19, ஞாயிறு

மத்தியானம் மூன்று மணி. கை சில்லென்று இருக்கிறது, வெந்நீரில் வைத்திருந்துவிட்டு எழுதுகிறேன். தனபால் ட்யூட்டியை மாற்றிக்கொண்டு கல்யாண சூட்டைப் போட்டிருக்கிறார், பொத்தான் எட்டவில்லை. ஐந்து மணிக்குக் கச்சேரி. வருகிறேன்.

ஜனவரி 20, திங்கள்

பெங்களூர் ரயில். காலை ஏழு மணி. எழுத்து கோணுவது ரயிலால், வேறொன்றும் இல்லை. முழுசாக எழுதப் போகிறேன்.

ஹால் நிறைந்திருந்தது. மேடைக்கு நடந்தேன், கும்பிட்டேன், உட்கார்ந்தேன். ஐந்து பார். யாரும் இருமக்கூட இல்லை. ஆர்கெஸ்ட்ரா பதில் சொன்னது. அப்புறம் என்ன, பச்சை பச்சையாக விழுந்துகொண்டே போனது. எழும்பூர், நுங்கம்பாக்கம், கிண்டி. பரங்கிமலையில் அதட்டினேன் பாருங்கள், பியானோவே கொஞ்சம் நகர்ந்த மாதிரி இருந்தது. பல்லாவரத்தில் அந்தக் கறுப்புக் கட்டை வந்தது, நானும் சரியாகத் திரும்பினேன். நான் ஜெயித்துவிட்டேன் என்று அந்த நிமிஷமே தெரிந்தது. சந்தோஷத்தில் காது அடைத்தது.

ஆர்கெஸ்ட்ரா நின்றது. கடென்சா. பீத்தோவன் எழுதினதில் முதல் பக்கம் ஓடியது. வலது கை மேலே ஏறியது, ஏறியது, உச்சியில் ஒரு கார்டை, நாலைந்து ஸ்வரம் சேர்ந்த கொத்தை, பிடித்தது. அடுத்து?

அடுத்து ஒன்றுமில்லை.

வெள்ளைச் சுவர். ஆயிரம் பேர். என் கால் பெடலில், அந்தக் கார்டு மட்டும் மெல்லத் தேய்ந்துகொண்டிருக்கிறது. ஸ்டேஷன் வேண்டாம் என்று சொன்ன வாய் எது? என் முட்டி இரண்டும் எழுந்திருக்கத் தயாராகிவிட்டது, சத்தியமாக. மான்செஸ்டரில் எழுந்த அதே முட்டி.

அப்போது அந்த நிசப்தத்தில், முன் வரிசையில் இருந்து ஒரு குரல் கேட்டது.

"பலே!"

அனந்தபத்மன் சார். நான் வேண்டுமென்றே நிறுத்தியிருக்கிறேன் என்று மனுஷர் நினைத்துவிட்டார். கண்ணை மூடித் தலையை ஆட்டிக்கொண்டிருந்தார். ஸ்வீடன்காரர்கள் எல்லோரும் திடுக்கிட்டு அவரைப் பார்த்தார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. அடக்க முடியாத சிரிப்பு. சிரிக்கிறவளால் எழுந்து ஓட முடியாது, அது இரண்டும் சேர்ந்து வராது.

இடது கையில் அந்தத் தட்டலை எடுத்தேன், டம் டம் டம் டம், தப்பான ஸ்வரத்தில். பீத்தோவன் அங்கே போகவே இல்லை. நான் போனேன். அது ஒரு கதவைத் திறந்தது, அதற்குள் போனேன், இன்னொன்று திறந்தது. நுங்கம்பாக்கத்துப் பாட்டைக் கீழே கொண்டுபோய் அழவிட்டேன், மேலே கொண்டுவந்து ஆடவிட்டேன். எங்கே போகிறேன் என்று எனக்கே தெரியாது, அடுத்து என்ன என்று யாரும் எழுதி வைக்கவில்லை, அதனால் தவற விடவும் ஒன்றுமில்லை. அப்படி ஒரு சுகம் என் வாழ்நாளில் கண்டதில்லை. ஓரக்கண்ணால் பார்த்தால் இங்க்ரிட் வாயைத் திறந்தபடி நிற்கிறார், முதல் வயலின்காரி நாற்காலி நுனிக்கு வந்துவிட்டாள். போதும் பெர்சிஸ், வீட்டுக்கு வா என்று ஜி மேஜருக்குத் திரும்பினேன். ட்ரில். இங்க்ரிட்டின் கை உயர்ந்தது. அவர்கள் வந்து என்னைச் சேர்த்துக்கொண்டார்கள்.

மற்ற இரண்டு பகுதிகளும் நன்றாகப் போயின. சத்தியமாகச் சொல்கிறேன், அவற்றைப் பற்றி எழுத எனக்குப் பொறுமை இல்லை.

கைதட்டல் நிற்கவில்லை. இது வேறு கைதட்டல். மேடைக்குப் பின்னால் இங்க்ரிட் என் இரண்டு தோளையும் பிடித்து, "யாருடைய கடென்சா அது?" என்றார்.

"என்னுடையது."

"ஏன் முன்னாலேயே சொல்லவில்லை?"

"முன்னால் எனக்கும் தெரியாது."

தனபால் கூட்டத்தை இடித்துக்கொண்டு வந்தார், சூட்டில் மீதி இருந்த பொத்தானும் போயிருந்தது. காதோடு சொன்னார், "தாம்பரத்துக்கு முன்னாடி தனியா வாசிச்சியே, அது வீட்ல வாசிச்சது இல்லியே? நான் எழுந்து நின்னுட்டேன். பின்னாடி சீட்டுக்காரன் கைய புடிச்சு உக்கார வெச்சான்." அவர் உள்ளங்கை ஈரமாக இருந்தது. பதினெட்டு ஸ்டேஷனைக் கற்றுக்கொடுத்தவர், பெயர் வைக்காத இடத்தையும் மனதில் வைத்திருக்கிறார். அவர் சட்டையில் முகத்தை வைத்து அழுதேன், மையெல்லாம் அப்பிவிட்டது.

இன்று காலை சென்ட்ரலில் வழியனுப்பிவிட்டு அவர் ட்யூட்டிக்குப் போனார்.

இப்போது இங்க்ரிட் என் பக்கத்து சீட்டுக்கு வந்து வெற்று ஸ்வரத் தாளையும் பென்சிலையும் நீட்டினார். நாளை பெங்களூரிலும் அதே கடென்சா வேண்டுமாம். எழுதிக் கொடுத்தால் எங்கே முடிகிறது என்று பார்த்துக்கொள்வாராம். அடுத்த வருஷம் ஸ்வீடனில் ஆறு ஊரில் அதையே வாசிக்க வேண்டுமாம். ஆறு ஊர்! யாரையும் கேட்காமல் சரி என்று சொல்லிவிட்டேன்.

காட்பாடி வரைக்கும் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு பார்கூட வரவில்லை. தட்டலில் ஆரம்பித்தேன், அழ விட்டேன், ஆட விட்டேன். எந்த ஸ்வரம்? தெரியாது. தாளைத் திருப்பிக் கொடுத்தேன்.

"மறந்துபோச்சு" என்றேன், தமிழில். அப்புறம் இங்கிலீஷில். சொல்லிவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தேன், நிறுத்த முடியவில்லை. "நேற்று நான் பீத்தோவனை மறந்தேன். இன்று என்னையே மறந்துவிட்டேன்."

நேற்று நடந்ததை முழுசாகச் சொன்னேன். அவர் முகம் வெளுத்தது. "அப்படியானால் நாளைக்கு?"

எதிர் சீட்டில் தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்த அனந்தபத்மன் சார் நிமிர்ந்தார். என்னவாம் என்று கேட்டார். சொன்னேன்.

"அதையேவா? மறுபடியுமா?" அவருக்கு நிஜமாகவே அதிர்ச்சி. "அன்னிக்கு மனசுல தோணினதைத்தானே அன்னிக்கு வாசிக்கணும்? சென்னையில பாடின ஸ்வரத்தையே பெங்களூர்லயும் பாடினா அந்த வித்வானை யார் மதிப்பா? மறக்கறதுக்குத்தானே அது! அந்தம்மாகிட்ட சொல்லுங்கோ."

இதை மொழிபெயர்த்தேன். இங்க்ரிட் வெற்றுத் தாளை மடித்துப் பையில் வைத்தார். பிறகு, "நான் எப்போது கையைத் தூக்குவது?" என்று மட்டும் கேட்டார்.

"ட்ரில் வரும்போது."

ஜனவரி 21, செவ்வாய்

ஐந்தே முக்கால். முதல் மணி அடித்துவிட்டது. கடென்சாவுக்கு என் கையில் ஒன்றுமே இல்லை. சீக்கிரம் அந்த இடம் வரட்டும்.